நாட்டர் டேம் பல்கலைக்கழக அமெரிக்கக் கால்பந்து அணியின் 1956 பருவம்: சவுத் பெண்ட் ரசிகர் சங்கச் செயலாளரின் ஆண்டறிக்கை

பெருமதிப்பிற்குரிய தலைவர் அவர்களே, செயற்குழுவினரே, உறுப்பினர்களே, அனைவருக்கும் வணக்கம்.

செயற்குழு இவ்வாண்டு தவறாமல் கூடியது. வரவு செலவுக் கணக்கைப் பொருளாளர் தனியே முன்வைப்பார். எஞ்சியதெல்லாம் நம் அணியைப் பற்றியதே என்பதால், இவ்வறிக்கையை முழுவதும் அதற்கே ஒதுக்கியுள்ளேன்.

இப்பருவத்தின் 10 ஆட்டங்களில் நம் அணி 2-இல் வென்று 8-இல் தோற்றது. எடுத்த புள்ளிகள் 130; விட்டுக்கொடுத்தவை 289. 1933-க்குப் பின் வந்த 22 பருவங்களில் ஒன்றில்கூட வெற்றியைவிடத் தோல்வி மிகுந்ததில்லை.

டல்லஸில் சதர்ன் மெதடிஸ்ட் அணியிடம் 19–13 எனத் தோற்றுத் தொடங்கினோம். இண்டியானாவை 20–6 என வென்றபோது நிமிர்ந்தோம். அடுத்து பர்டியூ 28–14 என வென்றது. 1950-இல் நம் 39 ஆட்டத் தோல்வியில்லாத் தொடரை முறித்ததும் இதே பர்டியூ, இதே 28–14 என்பதை மூத்த உறுப்பினர்கள் மறந்திருக்க மாட்டார்கள். மிச்சிகன் ஸ்டேட் 47–14 என்றும், ஓக்லஹோமா 40–0 என்றும் நம் சொந்த அரங்கிலேயே வென்றன. பால்டிமோரில் கடற்படை அணி 33–7 என்றும், பிட்ஸ்பர்க் 26–13 என்றும் வென்றன. வட கரோலினாவை 21–14 என வென்றது ஓர் ஆறுதல். பின் அயோவாவிடம் 48–8, கடைசியாக லாஸ் ஏஞ்சலிஸில் தென் கலிஃபோர்னியாவிடம் 28–20 எனத் தோற்றோம்.

ஒவ்வோர் ஆட்டத்தின் முடிவையும் சங்க அறை வாசலில் உள்ள கரும்பலகையில் எழுதுவது செயலாளரின் பணி. அக்டோபர் 27 இரவு, ஓக்லஹோமா ஆட்டம் முடிந்து வந்து சுண்ணக்கட்டியைக் கையில் எடுத்தபோது, உறுப்பினர் ஒருவர், "இன்று மட்டும் எழுதாமல் விடுங்களேன், ஐயா" என்று கேட்டுக்கொண்டார். அவர் மனம் எனக்குப் புரிந்தது. எனினும் எழுதினேன், சைபரின் வட்டத்தை முடிக்கையில் சுண்ணக்கட்டி ஒடிந்தது, துண்டால் முடித்தேன். வெற்றியை எழுதிய பலகையில் தோல்விக்கும் இடம் உண்டு என்பதே என் கருத்து.

இத்தனைக்கும் நடுவே நம் வீரர் பால் ஹார்னங் ஆடிய ஆட்டத்தைத் தனியே பதிவு செய்ய வேண்டும். ஆட்களை விருப்பம்போல் மாற்றிக்கொள்ள இன்றைய விதி இடம் தராததால், தாக்கும் வேளையில் ஓடியவரே தடுக்கும் வேளையிலும் நிற்க வேண்டியுள்ளது. ஹார்னங் பந்தை எறிந்தார், ஏந்தி ஓடினார், உதைத்தார், எதிரணியினரை மடக்கியும் வீழ்த்தினார். தென் கலிஃபோர்னியாவுக்கு எதிராக கிக்ஆஃபில் எதிரணி உதைத்த பந்தை ஏந்தி 95 கெஜம் ஓடி, அவர்களது எல்லைக்கோட்டைக் கடந்து அவர் எடுத்த டச்டவுனுக்குப் பிறகும் நாம் தோற்றோம் என்பது இன்னும் ஆறாத வருத்தம். கல்லூரிக் கால்பந்தில் ஆண்டின் சிறந்த வீரருக்கு வழங்கும் ஹைஸ்மன் விருது அவருக்கே கிடைத்தது. 1935-இல் தொடங்கிய அவ்விருதை, வெற்றியைவிடத் தோல்வி மிகுந்த அணியிலிருந்து ஒருவர் பெறுவது இதுவே முதல் முறை. நம் கல்லூரிக்கு இது ஐந்தாவது. ஆனால் இவ்விருதைக் காட்டி இப்பருவத்தை மறைக்க எனக்கு உடன்பாடில்லை. தோற்ற ஆட்டங்களில் கடைசி நிமிடம்வரை நின்ற மற்றவர்களுக்கும் சங்கத்தின் நன்றி உரியது.

பயிற்சியாளர் டெரி பிரென்னன் அவர்களை மாற்ற வேண்டுமென்று உறுப்பினர் சிலர் கடிதம் கொடுத்துள்ளனர். அக்கடிதங்கள் கோப்பில் உள்ளன. என் கருத்தையும் மறைக்காமல் சொல்லிவிடுகிறேன். முந்தைய பயிற்சியாளர் ஃபிராங்க் லீஹி விட்டுச்சென்ற பொறுப்பை 25 வயதில் ஏற்று, 1954-இல் 9 ஆட்டங்களையும் 1955-இல் 8 ஆட்டங்களையும் வென்று தந்தவர் இவரே. ஒரே பருவத்தை வைத்து அவரைத் தள்ளுவது முறையன்று. முதலாண்டு மாணவர் முதன்மை அணியில் ஆட விதி அனுமதிக்காத நிலையில், இவ்வாண்டு முதன்முறையாகக் களமிறங்கிய இளைஞர்கள் அடுத்த ஆண்டும் இருப்பார்கள். அதற்குள் அவர்கள் ஓராண்டு அனுபவம் பெற்றிருப்பார்கள்.

இறுதியாக ஒரு கோரிக்கை. 1957 நவம்பர் 16 அன்று நம் அணி ஓக்லஹோமாவை அவர்களது ஊரான நார்மனில் சந்திக்கிறது. தொடர்ந்து 40 ஆட்டங்களை வென்று நிற்கும் அவ்வணி கடைசியாகத் தோற்றது 1953-இல், அதே நார்மனில், நம்மிடம், 28–21 என்ற கணக்கில். உடன் பயணம் வர விரும்புவோர் தம் பெயரையும் முன்பணத்தையும் பொருளாளரிடம் கொடுக்குமாறு கேட்டுக்கொள்கிறேன். என் பெயரை முதலில் எழுதியுள்ளேன்.

இங்ஙனம்,
செயலாளர்
டிசம்பர் 1956