கடைப் பலகை பளிச், திருடன் முகம் சதுரம் சதுரம்

வாடிக்கையாளர் சேவை மேலாளர் அவர்களுக்கு,

வணக்கம். டோல்-ஃப்ரீ, வாட்ஸ்அப், சர்வீஸ் சென்டர் எல்லாம் அலைந்து ஓய்ந்துவிட்டேன், இனி எழுத்தில்தான்.

என் மளிகைக் கடை வாசலில் உங்கள் 4 மெகாபிக்சல் கேமரா இருக்கிறது. ஆர்ஓஐ (முக்கியமான இடத்தை மட்டும் தெளிவாகப் பதியும்) வசதிக்காகத்தான் வாங்கினேன். முக்கியமான இடத்தில் கட்டம் போட்டால் அங்கே மட்டும் தெளிவு குறையாது, மற்ற இடத்தை அமுக்கி டிஸ்க்கை மிச்சம் பிடிக்கும் என்று விற்றது நீங்கள். நொடிக்கு 4 மெகாபிட் (எம்பிபிஎஸ்) வேகத்தில் பதிந்தால் ஒரு நாளைக்கு 43 ஜிபி ஆகிறது, 1 எம்பிபிஎஸ் என்றால் 11 ஜிபிகூட வராது, சரி. உங்கள் ஆளே வண்டி நிறுத்தும் இடத்தில் கட்டம் போட்டு 1 எம்பிபிஎஸ் வைத்துவிட்டுப் போனார்.

போன மாதம் அதே இடத்திலிருந்து என் டெலிவரி ஸ்கூட்டரைத் தூக்கிவிட்டார்கள். பதிவில் மேலே பலகையிலுள்ள ஜிஎஸ்டி எண்கூடப் படிக்க முடிகிறது, கீழே திருடன் முகமும் அவன் வந்த வண்டியின் நம்பரும் வெறும் கட்டம் கட்டமாக இருக்கின்றன. போலீஸ்காரர் சிரித்தார். என் வியாபாரமே படுத்துவிட்டது.

இதற்கு உங்கள் ஊழியர் சொன்ன பதில்: "சிசிடிவி என்ன சினிமாவா சார், பெரிசாக்கினா முகம் தெரிய?" அப்புறம், 8 மெகாபிக்சல் வாங்கிக்கொள்ளுங்கள் என்றார்! அதற்கு முன்னால் ரெக்கார்டரைக் கொண்டுவரச் சொன்னதும் அவரேதான், மழையில் பஸ்ஸில் தூக்கிக்கொண்டு போனால், "கேமராதானே பிரச்சினை, இதை ஏன் தூக்கிட்டு வந்தீங்க?"

கோளாறு எங்கே என்று நானே சோதித்தேன். உங்கள் ஆள் கேமராவைத் தலைகீழாக மாட்டிவிட்டு செட்டிங்கில் படத்தை 180 டிகிரி திருப்பியிருக்கிறார். படம் திரும்பியது, கட்டம் திரும்பவில்லை. கட்டத்தை மேலே எதிர் மூலையில் வரைந்தால் கீழே வாசல் தெளிவாக வருகிறது. தயாரித்த உங்களுக்கு இது தெரியாமலா இருக்கும்? அமுக்கும்போது தூக்கி எறிந்த விவரம் எந்த ஜூமிலும் திரும்பி வராது என்பதும் தெரியும்தானே, பிறகு எதற்கு சினிமாப் பேச்சு?

தயவுசெய்து கேமராவுக்குள் இருக்கும் மென்பொருளை (ஃபர்ம்வேர்) சரிசெய்யுங்கள், கேமராவுக்கான பணத்தையும் திருப்பித் தாருங்கள். 15 நாளில் பதில் இல்லையென்றால் தேசிய நுகர்வோர் உதவி எண் 1915-இல் புகார் பதிவு செய்துவிட்டு மாவட்ட நுகர்வோர் ஆணையத்துக்குப் போவேன். 2019 நுகர்வோர் பாதுகாப்புச் சட்டப்படி என் ஊரிலேயே வழக்குப் போடலாம், அலைவது இந்த முறை நீங்கள்.

பதிலை எழுத்தில் அனுப்புங்கள். அந்த சினிமாக்காரரை விட்டு மட்டும் போன் பண்ணச் சொல்லாதீர்கள்.

இப்படிக்கு,
உங்கள் வாடிக்கையாளர்