பண்ணை வீட்டு அம்மாளுக்குப் பெயர் உண்டு

ஆசிரியர் அவர்களுக்கு,

வணக்கம். சென்ற இதழில் ஜெர்மன் நாடகாசிரியர் பெர்டோல்ட் பிரெக்ட் பற்றிய கட்டுரையைப் படித்தேன். நாஜிகளுக்குத் தப்பி நாடு நாடாக அலைந்த காலத்தை நன்றாகவே சொல்லியிருந்தார் கட்டுரையாளர். ஆனால் பின்லாந்து வந்ததும் ஒரே வரி: 'ஒரு செல்வந்தப் பெண்மணி தம் பண்ணை வீட்டைத் தங்கக் கொடுத்தார், அங்கேதான் புன்டிலா நாடகம் பிறந்தது.' பெண்மணிக்குப் பெயர் இல்லை. பிரெக்டின் சுருட்டுக்கு ஒரு பத்தி இருக்கிறது.

அந்தப் பெண்மணி நாடகாசிரியை ஹெல்லா வுவோலியோக்கி. தங்களுக்குத் தெரியாமல் இருக்காது. 1940 கோடையில் பிரெக்ட் அவருடைய மார்லேபெக் பண்ணைக்குப் போனபோது, குடித்தால் மட்டும் நல்லவனாகிவிடும் புன்டிலா நாடகத்துப் பண்ணையார் ஏற்கெனவே ஹெல்லாவின் நாடகப் பிரதியில் இருந்தார். பிரெக்ட் அதை வெகுவாக மாற்றினார், அதை நான் மறுக்கவில்லை. ஆனால் ஹெல்லாவின் கதைகளையும் நாடக வரைவையும் ஒட்டி எழுதியது என்று பிரெக்டின் புத்தகத்திலேயே அச்சாகியிருக்கிறது. பிரெக்டே ஒப்புக்கொண்டதை உங்கள் கட்டுரையாளர் ஒப்புக்கொள்ள மாட்டார் போலும்.

ஹெல்லா எஸ்தோனியாவில் பிறந்து, பின்லாந்தின் ஹெல்சிங்கியில் படித்து, வந்த ஊரின் மொழியான பின்னிஷிலேயே நாடகம் எழுதியவர். இடதுசாரி என்பதால் சொந்தப் பெயரில் எழுதினால் எதிர்ப்பு. சரி என்று யூஹானி தெர்வாபா என்று ஓர் ஆண் பெயரை வைத்துக்கொண்டார். 1936இல் அந்தப் பெயரில் மேடையேறியதுதான் நிஸ்காவுவோரி என்ற பண்ணைக் குடும்பத்தைப் பற்றிய நாடகங்களில் முதலாவது. வீட்டு வேலைக்கு வந்த கிராமத்துப் பெண் அரசியலுக்குப் போகும் இன்னொரு நாடகத்தை ஹாலிவுட் படமாக எடுத்து, அதில் நடித்த லொரெட்டா யங் 1947ஆம் ஆண்டுக்கான ஆஸ்கரை வாங்கினார். எழுதியவருக்கு அதற்கு முன்பே, போர்க்காலத்தில், வேறு பரிசு கிடைத்திருந்தது: சோவியத் உளவாளிக்கு இடம் கொடுத்ததற்காக ஆயுள் தண்டனை. 1944இல் விடுதலை, மறு வருடமே பின்லாந்து வானொலியின் தலைவர். இதில் எதுவுமே சுருட்டின் பக்கத்தில் நிற்க லாயக்கில்லையா?

எனக்கு ஏன் இவ்வளவு கோபம் என்று கேட்பீர்கள். எங்கள் ஊர் நாடகக் குழுவுக்குப் பல வருடம் காட்சிகள் எழுதிக் கொடுத்தவள் நான். நோட்டீஸில் 'கதை, வசனம்' என்று தலைவர் பெயர் வரும். என் பெயர் 'நன்றி' வரிசையில், மைக்செட்காரருக்கும் டிபன் கொடுத்த ஓட்டலுக்கும் நடுவில்.

உங்கள் மகளிர் சிறப்பிதழ் மட்டும் என்ன? எழுத்தாளர்களின் மனைவிமார் எப்படிக் காபி போட்டுக் கொடுத்தார்கள் என்று பக்கம் பக்கமாக வந்தது. அவர்களில் எழுதியவர்களும் உண்டே என்று அப்போதே கடிதம் போட்டேன். அட்டைப்படத்தைப் பாராட்டிய வரியை மட்டும் பிரசுரித்தீர்கள். அதற்கும் நன்றி.

இப்போது கேட்பது பெரிதாக ஒன்றுமில்லை. அடுத்த இதழில் ஹெல்லாவின் பெயரோடு இரண்டு வரித் திருத்தம். சினிமாப் பக்கத்துக்குக் கீழே மிஞ்சுகிற இடம் போதும்.

இப்படிக்கு,
நெடுநாள் வாசகி,
கும்பகோணம்