மாராஸ் உப்பளத்தாருக்கு ஒரு நன்றி மடல்

பெரு நாட்டின் மாராஸ், பிச்சிங்கோத்தோ ஊர்களின் உப்பளக் குடும்பங்களுக்கு வணக்கம்.

இந்த மடல் உங்கள் கண்ணில் படப்போவதில்லை. உங்களுக்குக் கெச்சுவா, எனக்குத் தமிழ். நடுவில் நின்ற ஸ்பானியமோ எனக்கு அரைகுறை. ஆனாலும் வாங்கிய உதவியை நாலு பேர் அறியச் சொல்லாவிட்டால் அம்மா என்னைச் சும்மா விடமாட்டார். தூத்துக்குடி அளங்களில் 30 ஆண்டுகள் உப்பு வாரியவர் அவர்.

கடலே இல்லாத இடத்தில், 3,000 மீட்டருக்கும் மேலே, உப்பா என்ற சந்தேகத்தோடுதான் ஜூலையில் வந்தேன். சரிவு முழுக்க அடுக்கடுக்காக 3,000-க்கும் அதிகமான பாத்திகள்! வியப்பில் மூச்சு நின்றது என்று எழுத ஆசைதான். நின்றது காற்றுக் குறைவால். தலைசுற்றி உட்கார்ந்த எனக்குக் கோக்கா இலைத் தேநீர் தந்து, தன் தொப்பியையும் கழற்றி என் தலையில் வைத்த பாட்டிக்கே முதல் நன்றி.

2019 முதல் வெளியாரைப் பாத்திகளுக்கு நடுவே விடுவதில்லை. சரியான முடிவு. செருப்புக் காலோடு பாத்தியில் இறங்கி நானும் சிறுவயதில் அடி வாங்கியிருக்கிறேன். அதனால் பாதையோரம் நின்றேன். மூட்டையை இறக்கிவைத்துவிட்டு மேலேறி வந்த அண்ணன் ஒருவர், சைகையிலேயே பாதி தொழிலைச் சொல்லிக்கொடுத்தார். மலைக்குள்ளிருந்து வரும் ஒற்றை உப்பூற்று, ஒடுங்கிய வாய்க்கால்கள், சில நாளுக்கொருமுறை நீர் பாய்ச்சிக் காயவைத்தால் ஏறத்தாழ ஒரு மாதத்தில் உப்பு. மேலடுக்கு சமையலுக்கு, அடியிலிருப்பது மண்ணேறிய பழுப்பு. மழைக்காலம் வந்தால் வேலை இல்லை. ஸ்பானியர் வருவதற்கு முன் அந்த மலைநாட்டை ஆண்ட இன்காக்களுக்கும் முந்திய முறையாம் இது. மடை திறப்பதையும் அடைப்பதையும் அவர் கையசைத்துக் காட்டியபோது எனக்கு மொழிபெயர்ப்பே தேவைப்படவில்லை.

ஒன்றை மறைக்காமல் சொல்கிறேன். "இந்தப் பாத்தி எங்கள் குடும்பத்துடையது" என்று அவர் சொன்னதும் பொறாமைப்பட்டேன். அம்மா கடைசிவரை கூலிக்குத்தான் வாரினார்.

இரண்டு மணி நேரம் கூடுதல் காசு கேட்காமல் காத்திருந்த, பக்கத்து ஊரான உருபாம்பாவின் டாக்சிக்காரருக்கும் நன்றி.

அண்ணன் கொடுத்த பொட்டலத்தில் "கச்சி" என்று எழுதி வைத்திருக்கிறேன். கெச்சுவாவில் உப்புக்கு அதுதான் பெயர். நேற்று அம்மா ஒரு கல்லை நாக்கில் வைத்துப் பார்த்தார். கொஞ்ச நேரம் பேசவில்லை.

"கசக்கவில்லை. பக்குவம் பார்த்துத்தான் வாரியிருக்கிறார்கள்."