தேரிக்காட்டின் சாபமும் செம்மணலின் விலையும்

ஆசிரியர் அவர்களுக்கு,

வணக்கம்.

திருச்செந்தூர், சாத்தான்குளம் வட்டாரத்துத் தேரிகள் எனப்படும் செம்மணல் மேடுகளைப் பற்றிப் பெரும்பாலும் இரண்டு வகைச் செய்திகளே வெளிவருகின்றன. தமிழகத்திலும் ஒரு சிவந்த பாலைவனம் உண்டு என்று வியக்கும் சுற்றுலாக் கட்டுரை ஒருவகை. அந்த மணலுக்குள் கிடக்கும் டைட்டானியத்தின் மதிப்பைக் கோடிகளில் கணக்கிடும் தொழில் செய்தி மற்றொரு வகை. இரண்டுமே தேரியை ஆளற்ற, பயனற்ற நிலமாகவே காட்டுகின்றன. தேரியை ஒட்டி வாழ்பவன் என்ற முறையில் என் மறுப்பைத் தங்கள் வாசகர்கள்முன் வைக்க விரும்புகிறேன்.

தேரி உண்டானதற்கு எங்கள் பக்கத்தில் ஒரு கதை வழிவழியாகச் சொல்லப்படுகிறது. மேலப்புதுக்குடி அருஞ்சுனை காத்த அய்யனார் கோயில் வட்டாரத்திலும் தேரிக்குடியிருப்பு கற்குவேல் அய்யனார் கோயில் வட்டாரத்திலும் அதைச் சிற்சில மாற்றங்களோடு கேட்கலாம். செழித்த நாடு ஒன்றில் சுனையொன்றும் அதன் கரையில் ஒரு மாமரமும் இருந்தன. அந்த மரத்தின் கனி கிடைத்தற்கரிய ஆற்றல் உடையது என்பதால் அரசன் அதைத் தனக்கே உரியதாக்கிக் காவல் போட்டான். தண்ணீர் எடுக்க வந்த ஒரு பெண்ணின் குடத்தில் அவள் அறியாமலே கனி விழுந்துவிட, திருடினாள் என்று பழி சுமத்தி அவளைக் கொன்றார்கள். மண்மாரி பொழிந்து இந்த நாடு அழியட்டும் என்று அவள் இட்ட சாபத்தால்தான் இன்றைய செம்மணல் வந்தது என்பார்கள்.

இதை வெறும் கட்டுக்கதை என்று தள்ளிவிட எனக்கு மனம் வரவில்லை. கதையில் நிலம் எந்தக் குற்றமும் செய்யவில்லை. அரிய பொருள் ஒன்றின்மீது வைத்த பேராசையும், தண்ணீருக்கு வந்தவளிடம் ஒரு வார்த்தைகூட விசாரிக்காமல் தீர்ப்பு எழுதியதுமே சாபத்துக்குக் காரணம். சபிக்கப்பட்ட மண் என்று சொல்லப்பட்டாலும் மக்கள் அதை வெறுக்கவும் இல்லை. கார்த்திகை மாதக் கடைசியில் நடக்கும் கள்ளர் வெட்டுத் திருவிழாவில், தேரியில் இளநீர் வெட்டப்பட்டதும் அந்த இடத்து மணலைக் கூட்டம் முண்டியடித்து அள்ளி, துணியில் முடிந்து, வயலுக்கும் வீட்டுக்கும் கொண்டுபோகிறது.

அறிவியல் கூறும் காரணம் வேறு. மேற்குத் தொடர்ச்சி மலையின் கணவாய்கள் வழியே பாயும் தென்மேற்குப் பருவக்காற்று, அடிவாரத்துச் செம்மண்ணைப் பல்லாயிரம் ஆண்டுகளாக வாரிவந்து கடலோரத்தில் குவித்தது. மணலின் மேல் படிந்த இரும்பு ஆக்சைடு அதற்குச் சிவப்பைத் தந்தது. சாயர்புரம், மெஞ்ஞானபுரம் போன்ற இடங்களின் தேரிகளில் கிடைத்த நுண்கற்கருவிகளைப் பற்றி ஆய்வாளர்கள் சாய்னரும் ஆல்ச்சினும் 1956இல் ஆய்வு வெளியிட்டார்கள். வரலாறு எழுதப்படுவதற்கு வெகுகாலம் முன்பே இங்கே மனிதர் வாழ்ந்திருக்கிறார்கள் என்றால், இங்கே தண்ணீர் இருந்திருக்க வேண்டும்.

இன்றும் இருக்கிறது. பெய்யும் மழையை ஓடவிடாமல் உள்வாங்கும் தேரி மணல், அதை மெல்ல மெல்ல அடிவாரத்துக் கிணறுகளுக்கும் சுனைகளுக்கும் விடுகிறது. தேரியின் விளிம்பில் வாழையும் தென்னையும் முருங்கையும் நிற்பது இந்த ஊற்றினால்தான். கடல் மிக அருகில் இருக்கும் இந்தப் பகுதியில் நன்னீர் குறைந்தால் உப்புநீர் உள்ளே ஏறுகிறது. உடன்குடி, திருச்செந்தூர்ப் பக்கத்து விவசாயிகளுக்கு இதை யாரும் எடுத்துச் சொல்லவேண்டியதில்லை. மணல்மேட்டில் நிற்கும் பனையும் அப்படித்தான்: புவிசார் குறியீடு பெற்ற உடன்குடிக் கருப்பட்டி இந்த வட்டாரத்துப் பதநீரில் காய்ச்சப்படுவது.

இனி கனிமத்துக்கு வருகிறேன். தேரி மணலில் பெரும்பங்கு குவார்ட்ஸ். வண்ணப்பூச்சு முதல் பற்பசை வரை வெண்மை தரும் டைட்டானியம் டை ஆக்சைடுக்கு மூலமான இல்மனைட்டும், அதோடு ரூட்டைல், சிர்கான், கார்னெட் முதலியவையும் சேர்ந்து ஒரு சிறு பங்குதான். அந்தச் சிறு பங்கை எடுக்க மணல் முழுவதையும் தோண்டி, தண்ணீரில் கரைத்து ஓடவிட்டு, கனமானதைப் பிரிக்க வேண்டும். மிச்ச மணலைத் திரும்பக் கொட்டிவிடலாம் என்கிறார்கள். கொட்டலாம், ஆனால் பதநீர் தரும் பருவத்துக்குப் பனை வளர ஒரு தலைமுறையின் பாதிக் காலம் ஆகும். கலைந்த மணல் முன்போல நீரைத் தேக்குமா என்பதற்கு மக்கள் கையில் இதுவரை எந்த ஆய்வறிக்கையும் தரப்படவில்லை. கனிமம் நாட்டுக்குத் தேவை என்பதையோ, எங்கள் பிள்ளைகளுக்கு வேலை வேண்டும் என்பதையோ நான் மறுக்கவில்லை. அந்தத் தேவைக்கு விலையாக எங்கள் கிணற்றைக் கொடுக்கிறோமா என்று முதலில் தெரியவேண்டும் என்கிறேன்.

2007இல் சாத்தான்குளம் பகுதியில் டைட்டானியம் டை ஆக்சைடு ஆலைக்காகத் தமிழக அரசுக்கும் டாடா ஸ்டீல் நிறுவனத்துக்கும் ஒப்பந்தம் ஏற்பட்டபோது, நிலம் போய்விடும் என்ற அச்சத்தில் ஊர்கள் எதிர்த்தன, திட்டம் நின்றது. கடற்கரையில் கதை வேறுவிதமாக நடந்தது. 2013இல் மாநில அரசு, கனிமம் கலந்த தாதுமணலை அங்கே எடுக்கத் தடை விதிக்கும் நிலை வந்தது. அந்த மணல் எடுப்பில் நடந்த முறைகேடுகள் குறித்து மத்திய புலனாய்வுத் துறை விசாரிக்கவேண்டும் என்று 2025 பிப்ரவரியில் சென்னை உயர் நீதிமன்றம் உத்தரவிட்டது. எதிர்ப்புக் குரலுக்குக் காது கொடுத்த இடத்தில் நிலம் தப்பியது, கேளாத இடத்தில் வழக்கு மிஞ்சியது என்றே இந்த இரண்டையும் சேர்த்துப் பார்க்கிறேன்.

அதனால்தான் 2025 செப்டம்பரில் மத்திய சுற்றுச்சூழல் அமைச்சகம் எடுத்த முடிவு என்னைக் கவலைகொள்ள வைக்கிறது. அணுக் கனிமங்களையும் முக்கியக் கனிமங்களையும் எடுக்கும் சுரங்கத் திட்டங்களுக்குப் பொதுமக்கள் கருத்துக்கேட்புத் தேவையில்லை என்று அது விலக்கு அளித்துவிட்டது. 1957ஆம் ஆண்டின் கனிமச் சட்டத்தில் அணுக் கனிமங்களின் பட்டியல் கடற்கரை மணலோடு தேரி மணலையும் பெயர் குறித்தே சொல்கிறது. மணலுக்குச் சட்டத்தில் இடம் இருக்கிறது. அதன்மேல் பனையேறுபவருக்கும் அதன் அடியில் ஊறும் நீரைக் குடிப்பவருக்கும் பேச ஒரு மேடை இல்லை என்பது எந்த வகையில் நியாயம்?

தேரியில் கனிமக் குத்தகை எதையும் பரிசீலிக்கும்முன், பருவமழைக்கு முன்னும் பின்னும் நிலத்தடி நீரை அளந்த ஆய்வறிக்கையைத் தமிழில் வெளியிட்டு, குதிரைமொழி, சாத்தான்குளம் தேரிகளைச் சுற்றியுள்ள ஊராட்சிகளின் கிராம சபைகளில் வைத்து விவாதிக்க வேண்டும். மத்திய அரசு விலக்கு அளித்திருந்தாலும், கிராம சபையின் கருத்தைக் கேட்டே நிலத்தை ஒப்படைப்போம் என்று தமிழக அரசு அறிவிப்பதற்குத் தடை ஏதும் இருப்பதாக எனக்குத் தெரியவில்லை. தங்கள் செய்தியாளர்கள் அடுத்தமுறை தேரிக்கு வரும்போது, அடிவாரத்து ஊர்களில் கிணற்றுநீர் எத்தனை அடியில் இருக்கிறது என்பதையும் விசாரித்து எழுதுமாறு கேட்டுக்கொள்கிறேன்.

இப்படிக்கு,
தங்கள் வாசகர்,
திருச்செந்தூர் வட்டம், தூத்துக்குடி மாவட்டம்.