தம்பிக்கு, பாம்பனிலிருந்து

அன்புள்ள தம்பிக்கு அம்மா எழுதிக்கொள்வது.

போனில் சொல்ல வாய் வரவில்லை. மேலத்தெரு பையன் திரும்பும்போது கொடுத்தனுப்புகிறேன். வேளைக்குச் சாப்பிடு.

மீன்பிடித் தடைக்காலம் முடிய இன்னும் 12 நாள் இருக்கிறது. ஏப்ரல் 15-லிருந்து கடையில் எல்லாம் கடன் நோட்டில்தான் ஓடுகிறது. நிவாரணம் 8,000 ஏறிய அன்று பாக்கியைக் கொடுத்தவர்கள், பொழுது சாயும் முன்னே மறுபடி எழுதச் சொல்லி வாங்கிப் போனார்கள். கச்சான் காற்று மிட்டாய் பாட்டில் வரைக்கும் மணலைக் கொண்டுவந்து போடுகிறது. வலை பின்னுகிறவர்கள் இருட்டும்வரை நம் வாசல் நிழலில்தான். துறைமுகத்தில் எந்த நம்பர் புயல் கூண்டு ஏற்றினார்கள் என்று கேட்கவும் இங்கேதான் வருவார்கள். ஊர்ச் செய்தி எல்லாம் எனக்கு முதலில் தெரியும். உன்னைப் பற்றித்தான் ஒன்றும் தெரியவில்லை.

மகன் சிங்கப்பூரில் இருக்கிறான் என்று சொல்லும்போது நெஞ்சு நிறையத்தான் செய்கிறது. அதற்காகப் பெற்றவளிடம் இரண்டு மாதமாகப் பேசாமல் இருப்பதா?

உன்னோடு ஒரே ரூமில் இருந்தவன் அந்த மேலத்தெரு பையன். கடையில் சோடா குடித்துக்கொண்டிருந்தான். உன் பேச்சை எடுத்ததும் பாதியில் வைத்துவிட்டு எழுந்து போய்விட்டான். நான் ஒன்றும் கேட்கவில்லை. உன்னிடமும் கேட்கவில்லை. பணம் அனுப்ப வேண்டாம், கடை ஓடுகிறது. சரி, வேளைக்குச் சாப்பிடு.

நேற்று பழைய நோட்டை எடுத்துப் புரட்டினேன். உன் கூட்டாளியின் அம்மா கணக்கு வந்தது. அவள் வீட்டுக்காரரை எல்லை தாண்டினார் என்று பிடித்து யாழ்ப்பாணத்தில் வைத்திருந்த மாதம். இரண்டு கிலோ அரிசி கேட்டு நின்றாள். டீ குடிக்க வந்தவர்கள் அத்தனை பேர் முன்னால், "பழைய பாக்கி தீரட்டும்" என்றேன். நீ எட்டாவது படித்தாய். எழுந்து வந்து தராசில் அரிசியை அள்ளிப் போட்டாய். உன் கையைத் தட்டிவிட்டு அறைந்தேன். அரிசி மணலில் கொட்டிவிட்டது. அவளே குனிந்து பொறுக்கி, திண்ணையில் வைத்துவிட்டுப் போனாள். அப்புறம் ஆறு மாதம் நீ கடைக்குள் காலெடுத்து வைக்கவில்லை.

அப்பா இல்லாத வீடு, கடை வாடகை என்று இத்தனை வருஷம் காரணம் சொல்லிவிட்டேன். அன்றைக்குக் கல்லாவில் காசு இருந்தது, தம்பி.

இல்லை என்று வருகிறவர்களை இப்போது நான் திருப்பி அனுப்புவதில்லை.

அவள் இன்றும் நம் கடைக்குத்தான் வருகிறாள். காலையில் உன் போன் வந்ததா என்று கேட்டாள். ஊரெல்லாம் கேட்டபோது "நல்லா இருக்கான்" என்று சொன்ன நான், அவளிடம் மட்டும் வரவில்லை என்றேன்.

அம்மா