ஆனி ஒன்ட்ராவின் கதையை 1929இல் முடித்துவிடாதீர்கள்

அன்புள்ள திரைப்படச் சங்க நண்பர்களுக்கு,

இயக்குநர் ஹிட்ச்காக்கின் படவிழா என்றால் 1929இல் வந்த 'பிளாக்மெயில்' பெரும்பாலும் இருக்கும். திரையிடலுக்கு முன் ஒருவர் எழுந்து கதாநாயகி ஆனி ஒன்ட்ராவைப் பற்றி இரண்டு வரி சொல்வார்: செக் நடிகை, ஆங்கிலத்தில் செக் வாடை அடிக்கும், பேசும்படம் வந்ததும் அவர் கதை முடிந்தது. கடைசியாகச் சொல்வது தவறு. அதை இனிமேல் விட்டுவிடுங்கள்.

மௌனப்படமாக எடுத்ததைப் பேசும்படமாக மாற்றியபோது, லண்டன் கடைக்காரரின் மகள் என்ற பாத்திரத்துக்கு அந்த உச்சரிப்பு ஒட்டவில்லை. படம் எடுத்த பிறகு குரல் சேர்க்கும் வசதியும் அன்று கைவசம் இல்லை. அதனால் ஜோன் பாரி என்ற நடிகை காமிராவில் படாமல் மைக் முன் நின்று வசனம் பேச, ஒன்ட்ரா வாயசைத்தார்.

காலைச் சாப்பாட்டுக் காட்சியை எடுத்துக்கொள்ளுங்கள். கதாநாயகி முந்தைய இரவு ஒருவனைக் கத்தியால் கொன்றிருக்கிறாள்; அது தெரியாமல் அக்கம்பக்கத்துப் பெண் ஒருத்தி அந்தக் கொலையைப் பற்றி ஓயாமல் பேசுகிறாள். 'கத்தி' என்ற சொல் மட்டும் திரும்பத் திரும்பத் தெறிக்கிறது. ஒலியைக் கையாண்ட விதம் என்று எல்லோரும் பாராட்டுகிறோம். சரி. ஆனால் ரொட்டி வெட்டப் போகும் ஒன்ட்ராவின் அந்தத் தயங்கும் கை, வெளிறிய முகம், கத்தி பிடி நழுவிப் பறக்கும்போது உடம்பில் ஓடும் அதிர்வு? இது எதற்கும் இரவல் குரல் தேவைப்படவில்லை.

அந்த உடம்பு பிராகில் பழகியது. இயக்குநர் காரெல் லமாச், ஒளிப்பதிவாளர் ஓட்டோ ஹெல்லர், கதாசிரியர் வாட்ஸ்லாவ் வாசர்மன், ஒன்ட்ரா: இந்த நால்வரை செக் சினிமாவில் 'வலுவான நால்வர்' என்பார்கள். 1920களில் இவர்கள் எடுத்த நகைச்சுவைப் படங்களில் ஓடி, விழுந்து, முகத்தைக் கோணி, தன் அழகைப் பற்றிக் கவலையே இல்லாமல் நடித்தவர் அவர். அவர் நடித்த இரண்டு ஹிட்ச்காக் படங்களை மட்டும் பார்த்தவர்களுக்கு இது தெரிய வழியில்லை.

லண்டனில் கதவு சாத்தப்பட்டதும் என்ன ஆனது? 1930இல் பெர்லினில் ஒன்ட்ரா-லமாச் என்ற படக்கம்பெனியே தொடங்கினார்கள். 1931இல் செக் நகைச்சுவை நடிகர் விளாஸ்டா புரியனோடு 'அவனும் அவன் சகோதரியும்' படத்தில் நடித்தார். அதன் ஜெர்மன் வடிவமும் வந்தது. பேசினார், பாடினார், 1930களில் ஜெர்மன் மொழிப் படங்களில் நட்சத்திரமாகவே இருந்தார். (1933இல் குத்துச்சண்டை வீரர் மாக்ஸ் ஷ்மெலிங்கை மணந்தார். சில கட்டுரைகளில் இது மட்டும்தான் இருக்கும், அது வேறு எரிச்சல்.) பேசும்படம் முடித்தது அவருடைய ஆங்கிலப் பட வாழ்க்கையை மட்டும்தான்.

ஆகவே, அடுத்த விழாவில் 'பிளாக்மெயில்' மௌன வடிவத்தையும் போடுங்கள். 2012இல் பிரிட்டிஷ் திரைப்படக் கழகம் அதைச் சீரமைத்திருக்கிறது. கூடவே ஒரு செக் படம், முடிந்தால் அவர் சொந்தக் குரலில் பேசுவது. அப்புறம், ஜோன் பாரியின் பெயரைக் கையேட்டில் அச்சிடுங்கள். படத்தின் டைட்டிலில் அது இல்லை.

அன்புடன்,
ஒரு ரசிகர்