பெயரை வெட்டாதீர்கள், தலைப்பைத் தனியாகக் கொடுங்கள்

ஆசிரியர் அவர்களுக்கு,

நிரலில் உள்ள எனம் (enum, படகு வகை போன்ற மாறாத தேர்வுகளின் பட்டியல்) பெயர்களைத் திரையில் இடைவெளி விட்டுக் காட்டுவது பற்றிச் சென்ற இதழில் ஒரு குறிப்பு வந்தது. ஆங்கிலப் பெரிய எழுத்து (capital) வரும் இடமெல்லாம் முன்னால் இடைவெளி சேர்த்தால் போதும் என்கிறது. மண்டபம், பாம்பன், தொண்டி பக்கம் மீன் ஏலக் கணக்குக்கு மென்பொருள் எழுதுபவர் இதை நம்பினால் முதல் படகிலேயே மாட்டிக்கொள்வார். 'எஃப்ஆர்பி போட்' (ஃபைபர் படகு) என்பதை ஆங்கிலத்தில் FRPBoat எனச் சேர்த்தெழுதிப் பாருங்கள். எஃப், ஆர், பி மூன்றும் தனித்தனியாகச் சிதறும். சிறிய எழுத்தை அடுத்துப் பெரிய எழுத்து வரும் இடத்தில் மட்டும் வெட்டச் சொன்னால் எங்குமே வெட்டாது. இரண்டு பெரிய எழுத்துகள் அடுத்தடுத்து வந்து, அதன்பின் சிறிய எழுத்து வந்தால் அந்த இரண்டுக்கும் நடுவிலும் வெட்ட வேண்டும் என இன்னொரு விதி தேவை.

இவ்வளவு பாடுபட்டும் கிடைப்பது ஆங்கிலம்தான். ஏலக்கூடத்தில் சீட்டு வாங்குபவருக்கு விசைப்படகு, வல்லம், வடகடல், தென்கடல் என்று இருக்க வேண்டும். சி ஷார்ப், ஜாவா ஆகிய நிரல் மொழிகள் இரண்டும் தமிழிலேயே பெயர் வைக்க விடுகின்றன. சொற்களுக்கு நடுவே அடிக்கோடு போட்டுவிட்டு, காட்டும்போது அதை இடைவெளியாக மாற்றலாம். ஆனால் அடைப்புக்குறி, முற்றுப்புள்ளி எதுவும் பெயருக்குள் நுழையாது.

சி ஷார்ப்பில் எனத்தின் ஒவ்வொரு உறுப்பின் மேலும் டிஸ்பிளே ஆட்ரிபியூட்டை (காட்டும் பெயரைச் சொல்லும் குறிப்பு) போட்டு, காட்ட வேண்டிய தலைப்பை அதில் எழுதுங்கள். இரு மொழி வேண்டுமென்றால் அதையே ரிசோர்ஸ் கோப்புக்கு (மொழிவாரியாகச் சொற்களை வைக்கும் கோப்பு) திருப்பலாம். ரிஃப்ளெக்‌ஷன் (நிரல் தன் அமைப்பைத் தானே ஆராயும் வசதி) வழியாக அந்தத் தலைப்பைப் படிப்பது மெதுவான வேலை. ஒருமுறை படித்து, பெயரைக் கொடுத்தால் தலைப்பைத் தரும் டிக்‌ஷனரியில் வைத்துக்கொள்ளுங்கள். ஜாவாவில் கன்ஸ்ட்ரக்டரிலேயே (உறுப்பை உருவாக்கும் பகுதி) தலைப்பைக் கொடுத்துவிடலாம்.

குறிப்பு தொடாமல் விட்டது சேமிப்பு. திரையில் தெரியும் தலைப்பையே டேட்டாபேஸில் எழுதினால், 'விசைப் படகு' என்று இருந்ததைப் பின்னர் 'விசைப்படகு' எனத் திருத்தியதும் மாதாந்தரக் கணக்கில் ஒரே படகு இரண்டு வகையாக நிற்கும். தலைப்புக்குப் பதில் ஒவ்வொரு உறுப்புக்கும் உரிய எண்ணைச் சேமியுங்கள், அந்த எண்ணையும் நீங்களே எழுதிக் கொடுங்கள். எழுதாவிட்டால் சி ஷார்ப் 0 முதல் வரிசையாகப் போட்டுக்கொள்ளும். நடுவில் ஒரு புதிய வகையைச் செருகினால் அதற்குக் கீழே உள்ள வகைகளின் பழைய பதிவுகள் அத்தனையும் வேறு படகின் பெயரைக் காட்டும். 0 எண்ணைப் படகுக்குக் கொடுக்காமல் 'தெரிவு செய்யவில்லை' என்பதற்கு ஒதுக்குங்கள். இல்லையென்றால் படகு வகையைத் தொடாமல் விட்ட பதிவெல்லாம் பட்டியலின் முதல் படகுக் கணக்கில் ஏறிவிடும்.

– நிரலாளர் ஒருவர், மண்டபம்